முதலில் சுவிட்சைப் பார்

பதினேழு வயதுப் பெண்ணை நம்பி இருபத்தாறு வயதுக்காரி ஒருத்தி கோர்ட்டுப் படியேறிய கதை இது. இரண்டு பேருக்கும் ஒரே பெயர், ஒரே அப்பா, ஒரே கைரேகை. முக்கூடல் லைன்மேன் சண்முகவேலின் மகள் இசக்கியம்மாள். மூத்தவள் திருநெல்வேலியில் ஓர் ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் டெக்னீஷியன். இளையவள் மதுரையில், தேர்வு முறையீட்டு மன்றத்தின் கிடங்கில், தீப்பெட்டி அளவு சில்லு ஒன்றுக்குள் ஒன்பது வருஷமாக உறங்கிக்கொண்டிருந்தாள்.

சொன்னால் பில்லிசூனியம் மாதிரி இருக்கும். விஷயம் என்னவோ சாதாரணம்தான். மருத்துவ நுழைவுத் தேர்வில் ஆள்மாறாட்டம் பெருத்துப்போன காலத்தில், தேர்வுக் கழகத்தார் பிள்ளைகள் எல்லார் நெற்றியிலும் ஒரு பட்டையைக் கட்டினார்கள். தேர்வு தொடங்கும் நொடியில் உள்ளே மனசு எப்படி இருக்கிறதோ அதை அந்தப் பட்டை அப்படியே பதிந்துகொள்ளும். பிற்பாடு சந்தேகம் வந்தால் ஒப்பிட்டுப் பார்க்கலாம். தேவைப்பட்டால் அந்தப் பதிவை எழுப்பி மறுபடி தேர்வெழுத வைக்கவும் செய்யலாம் என்று ஹால் டிக்கெட்டின் பின்பக்கம் எறும்பு எழுத்தில் போட்டிருந்தார்கள். அதையெல்லாம் எந்தப் பிள்ளை படிக்கப் போகிறது என்று அவர்களுக்குத் தைரியம்.

அந்த மே மாத ஞாயிற்றுக்கிழமை, பாளையங்கோட்டையில் ஒரு பள்ளிக்கூட வாசல். சோதனை நடக்கிறது. இசக்கியின் கம்மல், வளையல், கொலுசு எல்லாம் கழன்றுவிட்டன. மூக்குத்தி மட்டும் வரமாட்டேன் என்று நின்றது. சண்முகவேல் எதிர்த்த கடையில் ஒரு சோப்பு வாங்கிவந்து, தண்ணீர் தொட்டு, மகள் கண்ணீர் வடிய வடிய ஒருவழியாகக் கழற்றினார். அதைக் கைக்குட்டையில் முடிந்து சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

"நான் இந்த வேப்பமரத்தடியிலயே நிக்கேன். நீ வெளிய வாற வரைக்கும் டீ குடிக்கக்கூட நகர மாட்டேன். தைரியமா எழுதிட்டு வா" என்றார். நகரவும் இல்லை மனுஷன்.

உள்ளே நாற்பத்தேழாவது கேள்வியில் வந்தது வினை. ஒரு மின்சுற்றுப் படம். மின்கலம், இரண்டு மின்தடை, ஒரு சுவிட்ச். எவ்வளவு கரண்ட் ஓடும்? கீழே நாலு விடைகள்: ஒன்று, இரண்டு, மூன்று, ஆறு ஆம்பியர். கோச்சிங்கில் பழகிய கை, படத்தைப் பார்த்த மாத்திரத்தில் கூட்டி வகுத்து 'இரண்டு' என்று குறித்துவிட்டு அடுத்ததற்குப் பாய்ந்துவிடும். லட்சம் பிள்ளைகள் அப்படித்தான் பாய்ந்தார்கள். இசக்கியால் முடியவில்லை. படத்தில் சுவிட்ச் திறந்திருந்தது.

அவள் வளர்ந்த வீடு அப்படி. "எதத் தொடுததுக்கு முன்னாலயும் முதல்ல சுவிட்சப் பாரு" என்பது அங்கே பல் விளக்கு, குளி என்பது மாதிரி தினப்பாடம். ஒரு சுவிட்ச் திறந்திருக்கிறது என்பதை நம்பித்தானே சண்முகவேல் முப்பது வருஷம் கம்பத்தில் ஏறி உசிரோடு இறங்கினார்? திறந்திருந்தால் கரண்ட் கிடையாது. விடை பூஜ்யம். நாலு விடையில் பூஜ்யம் இல்லை.

பாவம், பேப்பர் தப்பாக இருக்கும் என்று நினைக்க அவளுக்குத் துணிவில்லை. தான்தான் எதையோ கோட்டைவிடுகிறோம் என்று திரும்பத் திரும்பப் பார்த்தாள். கையைத் தூக்கினாள். மேற்பார்வைக்கு வந்திருந்த செல்வரத்தினம் சார் எட்டிப்பார்த்து, "இருக்கறத எழுதும்மா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். தப்பான விடைக்கு மார்க் பிடிப்பார்கள் என்பதால் கடைசியில் அதை விட்டுவிட்டாள். அதற்குள் பதினாலு நிமிஷம் போய்விட்டது. தாவரவியலில் நாலு கேள்வியைக் கண்ணால் பார்ப்பதற்குள் மணி அடித்தது. மூன்று மார்க்கில் இடம் போயிற்று.

கேள்வி தப்பு என்று பத்தே நாளில் கழகம் ஒப்புக்கொண்டது. பிறகு அவர்கள் செய்த நியாயம் இருக்கிறதே, அதை என்னவென்று சொல்ல! 'அந்தக் கேள்விக்கு ஏதேனும் ஒரு விடை குறித்த அனைவருக்கும் முழு மதிப்பெண்.' கவனிக்காமல் குறித்தவர்களுக்கு நாலு மார்க். கவனித்து நிறுத்தியவளுக்கு ஒன்றுமில்லை. தெருவில் எல்லாரும், "எழுதத் தெரியல, அதான் சாக்கு சொல்லுதா" என்றார்கள். பத்தாம் வகுப்பு டீச்சரே அப்படித்தான் நினைத்தார். சண்முகவேல் மட்டும் வினாத்தாளை வாங்கிப் படத்தைப் பார்த்து, "எம்மா, இதுல எங்கெருந்து கரண்ட் வரும்?" என்று கேட்டார். மறுநாளே மகளை வக்கீல் எஸ்தரிடம் கூட்டிப்போனார். வழக்கின் ஐந்தாவது வருஷம் ஒரு மத்தியானம் சாப்பிட்டுவிட்டுப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை.

இப்போது ஒன்பதாவது வருஷம். மன்றத்தின் வராந்தாவில் பெஞ்சில் உட்கார்ந்து இசக்கி, "இன்னொரு தடவ சொல்லுங்கக்கா" என்றாள்.

எஸ்தர் சலிக்கவில்லை. "நிவாரணம்னு சட்டத்துல மூணுதான் பிள்ள. ஒண்ணு, கருணை மார்க். அத விடை குறிச்சவங்களுக்கு மட்டும்னு சொல்லிட்டாங்க. ரெண்டு, மறுதேர்வு. அதுக்கு ஒரு வருஷத்துக்குள்ள உத்தரவு வாங்கணும். நம்ம கேசுக்கு நம்பர் விழவே ரெண்டு வருஷம் ஆச்சு. மூணாவதுதான் இது, மறு அமர்வு. அன்னைக்கு உக்காந்த அதே பிள்ளைய எழுப்பி, திருத்துன பேப்பரக் குடுத்து எழுதச் சொல்லது. அவ வாங்குத மார்க்குதான் உன் மார்க்கு. கட்-ஆஃபத் தாண்டிட்டான்னா உனக்குன்னு ஒரு சீட்ட புதுசா உண்டாக்கணும். வேற யாரு சீட்டும் போகாது."

"தாண்டலன்னா?"

"முடிஞ்சுது. ஒரே ஒரு தடவதான்."

"அவளுக்குத் தெரியுமாக்கா, தான் யாருன்னு?"

"தெரியப்படாது. தெரிஞ்சிட்டுன்னா அமர்வு செல்லாதுன்னு விதி இருக்கு. அவளப் பொறுத்தவரைக்கும் இது அந்த ஞாயித்துக்கிழமதான். வெளிய அப்பா நிக்காருன்னு நெனச்சிட்டுத்தான் எழுதுவா."

"மணி அடிச்ச பொறவு?"

"நிறுத்திருவாங்க. பதிவ அழிச்சிரணும். ஒரு ஆளு ரெண்டா இருக்கப்படாதுல்லா?"

"வலிக்குமோ?"

"தூங்குத மாதிரின்னு சொல்லுதாங்க" என்றார் எஸ்தர். சொல்லிவிட்டு, "தெரியாது பிள்ள" என்று உண்மையையும் சொன்னார்.

இசக்கியின் பையில் ஒரு தாள் இருந்தது. தீர்ப்பு எப்படி வந்தாலும் நன்றி சொல்ல வேண்டியவர்கள் பட்டியல். முதலில் அப்பா. அடுத்து எஸ்தரக்கா. நாற்பத்தோரு வாய்தாவுக்கும் முகம் சுளிக்காமல் ஷிஃப்ட் மாற்றிக்கொடுத்த டயாலிசிஸ் வார்டுக்காரர்கள். எழுபது வயதில் தானாகத் தேடிவந்து, "இந்தப் பிள்ள அன்னைக்குக் கையத் தூக்குனா, நான்தான் காது குடுக்கல" என்று பிரமாணப் பத்திரம் எழுதிக்கொடுத்த செல்வரத்தினம் சார். எழுத எழுத அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. அநியாயம் செய்தவர்களை எண்ணினால் ஒரு கை விரல் போதும், நல்லது செய்தவர்களுக்குத் தாள் போதவில்லை. ஆனாலும் அதில் முக்கியமான ஒரு பெயரை விட்டிருந்தாள்.

பத்து மணிக்கு அமர்வு தொடங்கியது. நீதிபதி கோமதிநாயகம் மேடையில் இருந்தார். மன்றத்தின் டெக்னீஷியன் ரஹ்மத் நிஷா சில்லைக் கருவியில் பொருத்தினாள். அமர்வை வேகமாக ஓட்டினால் மனசு சிதறிவிடுமாம். அங்கே மூன்று மணி நேரம் என்றால் இங்கேயும் மூன்று மணி நேரம். பெரிய திரையில் அந்தப் பெண் தெரியமாட்டாள், விடைத்தாளும் கணக்குப் போடும் தாளும் மட்டும் தெரியும்.

பேனா நகர்ந்தது. தன் பழைய கையெழுத்தைப் பார்த்ததும் இசக்கிக்குச் சிரிப்பு வந்தது. அந்த வயதில் 'க'வுக்கு ஒரு கொண்டை போடுவாள். நாற்பத்தேழாவது கேள்வி வந்தபோது எஸ்தர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். திருத்திய படத்தில் சுவிட்ச் மூடியிருந்தது. பேனா ஒரு கணம் நின்றது. சுவிட்சைப் பார்க்கிறாள் என்று இசக்கிக்குத் தெரிந்தது. பிறகு இரண்டு வரிக் கணக்கு, 'இரண்டு ஆம்பியர்', அவ்வளவுதான். நாற்பது விநாடிகூட ஆகவில்லை.

"அடி என் ராசாத்தி" என்றாள் இசக்கி, வாய்விட்டே. நீதிபதி நிமிர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பவும் திரைக்குப் போனார்.

அந்த நாலு தாவரவியல் கேள்விகளையும் இளையவள் எழுதினாள். பன்னிரண்டு இருபத்தொன்பதுக்குக் கடைசி விடையைக் குறித்தாள். எஸ்தர் பெருமூச்சு விட்டார். அப்போது பேனா கணக்குத் தாளுக்குப் போய் ஒரு படம் வரைய ஆரம்பித்தது. ஒரு மின்விசிறி. அதிலிருந்து ஒரு கம்பி. கம்பியின் முடிவில் திறந்த சுவிட்ச். கீழே கொண்டை போட்ட எழுத்தில் ஒரு வரி: 'ஃபேன் ஓடுகிறது. சுவிட்ச் ஆஃபில் இருக்கிறது.'

ரஹ்மத் நிஷா தலையில் கையை வைத்தாள். "அல்லா! கருவிக்குள்ள இருக்கற ஹாலை வடிவமைச்சது நான்தான் சார். சுவத்துல சுவிட்ச் போர்டைச் சும்மா ஒரு அடையாளத்துக்கு ஒட்டி வச்சேன். இத்தனை வருஷத்துல எத்தனையோ பிள்ளைங்க அதுக்குள்ள உக்காந்து எழுதியிருக்காங்க, ஒருத்தர்கூட அதைப் பாக்கல சார்."

தேர்வுக் கழகத்தின் வக்கீல் குதித்து எழுந்தார். "கனம் நீதிபதி அவர்களே, தேர்வருக்கு உண்மை தெரிந்துவிட்டது. விதிப்படி அமர்வு செல்லாது. மனுவைத் தள்ளுபடி செய்ய வேண்டும்."

ஒன்பது வருஷம்! அதே குணத்தால் மறுபடியும் போகிறதே என்று நினைத்தாள் இசக்கி.

எஸ்தர் மெல்ல எழுந்தார். சட்டப் புத்தகத்தைத் தொடவில்லை. "ஐயா, ஒரு தப்பைக் கண்டுபிடித்ததற்காக இந்தப் பெண்ணை ஒரு தடவை தண்டித்தாகிவிட்டது. திரும்பவும் அதற்கே தண்டிக்க வேண்டும் என்கிறார் என் நண்பர்."

நீதிபதி திரையின் மூலையில் ஓடிய நேரக் கணக்கைப் பார்த்தார். "கடைசி விடை குறிச்சது பன்னிரண்டு இருபத்தொன்பது. படம் போட்டது பன்னிரண்டு முப்பத்தொண்ணு. எழுதி முடிச்ச பிறகு அவங்களுக்கு என்ன தெரிஞ்சா என்ன? அமர்வு செல்லும்." சுருக்கெழுத்தரிடம் அதைப் பதியச் சொன்னார். "மார்க் எவ்வளவு?"

ரஹ்மத் நிஷா பார்த்துச் சொன்னாள். கட்-ஆஃபுக்கு மேலே பதினேழு.

இசக்கி அழுதாள், எஸ்தரும் அழுதார். ஆனால் திரையில் பேனா நிற்கவில்லை. எல்லாரும் மறுபடி நிமிர்ந்தபோது, பள்ளிக்கூடத்தில் லீவ் லெட்டர் எழுதுவோமே, அந்தப் பாணியில் ஒரு கடிதம் பாதி வந்திருந்தது.

'மதிப்பிற்குரிய நீதிபதி ஐயா அல்லது அம்மா அவர்களுக்கு, ஹால் டிக்கெட்டின் பின்பக்கம் மறு அமர்வு பற்றிய பதினொன்றாவது விதியை நான் படித்திருக்கிறேன். இது அதுதான் என்று நினைக்கிறேன். அப்படியானால் எந்தக் கேள்வியோ தப்பாக இருந்து, யாரோ விடாமல் வழக்கு நடத்தியிருக்கிறார்கள். அவர்களுக்கு என் மனமார்ந்த நன்றி. மணி அடித்ததும் என்னை நிறுத்துவீர்கள் என்று விதியில் இருக்கிறது. சரி. அதற்கு முன் ஐந்து நிமிடம் வெளியே போக அனுமதி வேண்டுகிறேன். வேப்பமரத்தடியில் எங்கள் அப்பா என் மூக்குத்தியை வைத்துக்கொண்டு நிற்கிறார். நான் வரும்வரை டீ குடிக்கக்கூட நகர மாட்டார். நன்றாக எழுதியிருக்கிறேன் என்று சொல்லிவிட்டால் போதும். இப்படிக்குத் தங்கள் கீழ்ப்படிதலுள்ள மாணவி, ச. இசக்கியம்மாள்.'

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இதுக்கு வழி இருக்காம்மா?"

"வெளியேன்னு ஒண்ணு இல்லையே சார்" என்றாள் ரஹ்மத் நிஷா. "கதவு வரைக்கும்தான் செஞ்சிருக்கு. அங்கிட்டு வெறும் வெள்ளை. அவங்க அப்பாவோட பதிவும் யார்கிட்டயும் கிடையாது. வேணும்னா நம்மள்ல யாராவது பட்டையைக் கட்டிக்கிட்டு உள்ள போகலாம்."

"நான் போறேன்" என்று இசக்கி எழுந்துவிட்டாள்.

பட்டை கட்டினால் தலைப்பக்கம் உலோகம் இருக்கக்கூடாது. கம்மல் கழன்றது. மூக்குத்தி வரவில்லை. ஒன்பது வருஷமாகக் கழற்றாத மூக்குத்தி. ரஹ்மத் நிஷா கழிவறைக்கு ஓடிப்போய் சோப்பு எடுத்துவந்தாள். மூக்கு எரிய எரிய, கண்ணில் தண்ணீர் வர, இசக்கி அதைக் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டாள். "கையில என்ன வச்சிருக்கீங்களோ அது அங்கயும் இருக்கும் மேடம்" என்று சொல்லிப் பட்டையைக் கட்டினாள் ரஹ்மத்.

கதவு திறந்தது. வரிசை வரிசையாகப் பெஞ்சுகள்; மற்றப் பிள்ளைகளின் உருவங்களை ரஹ்மத் அணைத்துவிட்டதால் எல்லாம் காலி. மேலே மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. மூன்றாவது வரிசையில் இரட்டைச் சடை போட்ட ஒல்லிப் பெண் எழுந்து நின்றாள். மூக்கில் சோப்பு எரிச்சலின் சிவப்பு இன்னும் மாறவில்லை. இசக்கியைத் தலைமுதல் கால்வரை பார்த்தாள்.

"இவ்வளவு குண்டாவேனா நான்?" என்றாள் சின்னவள்.

இசக்கி சிரித்துவிட்டாள். "ஆஸ்பத்திரி கேன்டீன் சாப்பாடு பிள்ள."

"உங்கள எப்படிக் கூப்பிட? அக்கான்னே கூப்பிடுதேன். எந்தக் கேள்விக்கா தப்பு?"

இசக்கி பழைய வினாத்தாளின் நகலையும் கையில் கொண்டுவந்திருந்தாள். நீட்டினாள். சின்னவள் மூன்று விநாடிகூட எடுத்துக்கொள்ளவில்லை. "சுவிட்ச் திறந்துல்லா கெடக்கு! பூஜ்யம் எங்க?" என்றாள். "நீங்க எத எழுதுனீங்க?"

"எதையும் எழுதல. விட்டுட்டேன்."

"நல்ல காரியம் பண்ணுனீங்க" என்றாள் அவள், பெரிய மனுஷி மாதிரி.

அந்த ஒரு சொல்லுக்கு ஒன்பது வருஷம் காத்திருந்தோம் என்று அப்போதுதான் இசக்கிக்குத் தெரிந்தது. நடுவில் எத்தனையோ நாள் அவளுக்கே சந்தேகம் வந்ததுண்டு. நாம் உண்மையிலேயே பார்த்தோமா, அல்லது பிறகு சாக்காகச் சொல்லிக்கொண்டோமா என்று. இனி வராது. சின்னவளின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். "தேங்க்ஸ் பிள்ள. நீ எழுதுன மார்க்கு கட்-ஆஃபுக்கு மேல பதினேழு. எனக்குச் சீட்டு வாங்கிக் குடுத்துட்ட."

"போவீங்கல்லா? வயசாயிட்டுன்னு சாக்குச் சொல்லப்படாது."

"போவேன். சத்தியமா போவேன்."

அதற்குப் பிறகுதான் அவள் கேட்டாள். "அப்பா எங்க?"

இசக்கி கைக்குட்டை முடிச்சை அவிழ்ப்பதுபோலக் குனிந்தாள். என்ன சொல்வது என்று யோசிக்கவே இல்லை. வாயில் வந்ததைச் சொன்னாள். "டீ குடிக்கப் போயிருக்காரு. இப்ப வந்துருவாரு."

சொன்ன மாத்திரத்தில் தப்பு புரிந்துவிட்டது. நிமிர்ந்து பார்க்கப் பயமாக இருந்தது. எதிரே நிற்பவள் யார்? ஓடுகிற விசிறியைப் பார்த்துவிட்டு சுவிட்சைத் தேடுகிறவள். அந்தப் பெண் மூக்குத்தியைப் பார்த்தாள், அதை வைத்திருந்த கையைப் பார்த்தாள், கதவுக்கு வெளியே இருந்த வெள்ளையைப் பார்த்தாள். பிறகு முகத்தை நீட்டி, மூக்கைக் காட்டினாள்.

"சரி. போட்டு விடுங்க" என்றாள். "வந்ததும் சொல்லிருங்க, நல்லா எழுதிருக்கேன்னு."

இசக்கி வலிக்காமல் போட்டுவிட்டாள். சின்னவள் விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டு, மூத்தவளின் கண்ணைத் துடைத்துவிட்டாள்.

"அழாதீங்கக்கா. நான் எல்லாத்தையும் பாத்துட்டேன்" என்றாள். "ஒரு தப்பும் இல்ல."

மணி அடித்தது.

மன்றத்தில் பட்டையைக் கழற்றியபோது மூக்குத்தி இசக்கியின் கைக்குட்டையில்தான் இருந்தது. அதைப் போட்டுக்கொண்டு, பையிலிருந்து பட்டியலை எடுத்து, எஸ்தரிடம் பேனா வாங்கினாள். அப்பாவின் பெயருக்குக் கீழே கொஞ்சம் இடம் இருந்தது. அங்கே, 'க'வுக்குக் கொண்டை போட்டு, தன் பெயரை எழுதினாள்.